ஏ.ஆர்.ரஹ்மானின் பாட்டை மிக்ஸ் செய்த கைகள்: யார் இந்த சவுண்ட் இன்ஜினியர் ஹெச்.ஸ்ரீதர்?

2009 பிப்ரவரி 22, லாஸ் ஏஞ்சலீஸ். 'ஸ்லம்டாக் மில்லியனர்' படத்துக்காக இரண்டு ஆஸ்கர்களை வாங்கிய ஏ.ஆர்.ரஹ்மான், மேடையில் 'எல்லாப் புகழும் இறைவனுக்கே' என்று தமிழில் சொன்னார். அதே இரவு, அதே படத்தின் ஒலிக்கலவைக்காக கேரளாவைச் சேர்ந்த ரசூல் பூக்குட்டியும் ஆஸ்கர் வாங்கினார். இந்தியாவே டிவி முன்னாடி உட்கார்ந்து பார்த்த விழா அது.

ஆனால், அந்த ஆல்பத்தின் சவுண்ட் இன்ஜினியர் அதைப் பார்க்கவில்லை. சரியாக 83 நாட்களுக்கு முன்பு, 2008 டிசம்பர் 1 அன்று அவர் காலமாகிவிட்டார். பெயர் ஹெச்.ஸ்ரீதர். 'ரோஜா' காலம் தொட்டு ரஹ்மானோடு வேலை பார்த்தவர். நான்கு தேசிய விருதுகள் வாங்கியவர்.

ஸ்ரீதர் என்றதும் பலருக்கும் 'காதலிக்க நேரமில்லை' இயக்குநர்தான் நினைவுக்கு வருவார். இவர் வேறு. 90-களில் தமிழ் சினிமா பாட்டு திடீரென 'வேற லெவல்' சத்தத்தில் கேட்க ஆரம்பித்ததே, அந்த மாற்றத்தின் மறுபக்கத்தில் உட்கார்ந்திருந்தவர் இவர். காங்கேயத்திலிருந்து திருப்பூர் போகும் காலை பஸ்ஸில் இயர்போன் மாட்டிக்கொண்டு 90ஸ் ரஹ்மான் பிளேலிஸ்ட் கேட்பவர்களில் எத்தனை பேருக்கு இந்தப் பெயர் தெரியும்?

தெரியாமல் போனதற்குக் காரணம் இருக்கிறது. அந்த வேலையே அப்படிப்பட்டது.

ஒரு பனியன் கணக்கு

சவுண்ட் இன்ஜினியர் என்ன செய்வார் என்பதை திருப்பூர் பக்கத்து ஆட்களுக்குப் புரிய வைப்பது ஈஸி. ஒரு டி-ஷர்ட்டை எடுத்துக்கொள்ளுங்கள். நூல் வருகிறது, நிட்டிங் நடக்கிறது, டையிங் போகிறது, காம்பாக்டிங் முடிந்து கட்டிங், ஓவர்லாக், செக்கிங், அயர்னிங், பேக்கிங். கடைசியில் காலரில் ஒரு லேபிள். அதில் ஒரே ஒரு பிராண்ட் பெயர்.

இதில் காம்பாக்டிங்கை யாரும் பெரிதாகப் பேச மாட்டார்கள். துணியின் அகலமும் சுருக்கமும் அங்கேதான் முடிவாகிறது. சரியாக நடந்தால் வாங்கியவருக்கு அப்படி ஒரு வேலை நடந்ததே தெரியாது. தப்பாகப் போனால் ஒரே துவைப்பில் சட்டை ஏறிக்கொள்ளும், தையல் கோணிக்கொள்ளும்.

பாட்டிலும் இதே கதைதான். இசையமைப்பாளர் மெட்டுப் போடுகிறார், பாடகர் பாடுகிறார், வயலின், தபேலா, கிடார், கீபோர்டு என்று ஒவ்வொன்றும் தனித்தனியாகப் பதிவாகிறது. ஒரு பாட்டில் 50, 60 டிராக்குகள் இருப்பது சாதாரணம். அத்தனையையும் அப்படியே ஒன்றாகப் போட்டால் வருவது பாட்டு இல்லை, சந்தைக்கடை. அதை ஒரு பாட்டாக மாற்றும் வேலைதான் மிக்ஸிங்.

மிக்ஸ் இன்ஜினியர் ஒவ்வொரு டிராக்குக்கும் அடிப்படையில் நான்கு கேள்விகள் கேட்கிறார்:

• எவ்வளவு சத்தம்? பாடகரின் குரல் முன்னால் நிற்க வேண்டுமா, இசைக்குள் கரைய வேண்டுமா?

• எந்த இடம்? கிடார் இடது காதிலா, வலது காதிலா, நடுவிலா?

• எவ்வளவு தூரம்? குரல் காதோரம் கிசுகிசுக்கிறதா, கோயில் மண்டபத்துக்குள்ளிருந்து வருகிறதா? எதிரொலியைக் கூட்டிக் குறைத்து இதைச் செய்கிறார்கள்.

• எந்த அலைவரிசை? மனிதக் காது தோராயமாக 20 ஹெர்ட்ஸிலிருந்து 20,000 ஹெர்ட்ஸ் வரை கேட்கும். டிரம்ஸின் 'தும்'மும் பேஸ் கிடாரும் ஏறக்குறைய ஒரே கீழ்ப்பகுதியில் இருப்பவை. இரண்டும் இடித்துக்கொள்ளாமல் இடம் பிரித்துக் கொடுக்க வேண்டும்.

இதெல்லாம் முடிந்தபிறகு 'ஒரு வாஷ் போட்டுப் பார்க்கிற' டெஸ்ட். ஸ்டூடியோவின் பெரிய ஸ்பீக்கரில் பிரமாதமாக இருக்கும் பாட்டு, ஷேர் ஆட்டோ ஸ்பீக்கரிலும் டீக்கடை ரேடியோவிலும் கல்யாண மண்டப பாக்ஸிலும் தாங்க வேண்டும். தாங்கினால் இன்ஜினியரின் பெயர் யாருக்கும் தேவைப்படாது.

'ஆர்.ஆர்.' என்ற குழப்பம்

இன்னொரு சிக்கலும் உண்டு. தமிழ் சினிமாவில் 'ரீ-ரிக்கார்டிங்', சுருக்கமாக 'ஆர்.ஆர்.' என்றால் பின்னணி இசை. 'ஆர்.ஆர். மிரட்டிட்டாரு' என்று ரசிகர்கள் சொல்வது இசையமைப்பாளரைத்தான். ஆனால், ஹாலிவுட்டில் 'ரீ-ரிக்கார்டிங் மிக்ஸர்' என்றால் அர்த்தமே வேறு. வசனம், இசை, காலடிச் சத்தம், மழை, துப்பாக்கி என்று எல்லா ஒலிகளையும் சேர்த்து தியேட்டருக்கான கடைசிக் கலவையைச் செய்பவர் அவர். அதாவது, உலகம் எந்த வார்த்தையால் சவுண்ட் இன்ஜினியரைக் குறிக்கிறதோ, அந்த வார்த்தையையே நாம் இசையமைப்பாளருக்குக் கொடுத்துவிட்டோம்.

ஸ்ரீதர் இரண்டு பக்கமும் வேலை பார்த்தவர். பாட்டையும் மிக்ஸ் செய்தார், படத்தையும் மிக்ஸ் செய்தார். அவருடைய நான்கு தேசிய விருதுகளும் படங்களின் ஒலிப்பதிவுக்காகக் கிடைத்தவை.

அவருக்கு முன்னால்: ஒரே ஸ்பீக்கர் காலம்

ஸ்ரீதர் செய்தது ஏன் பெரிய விஷயம் என்று புரிய, கொஞ்சம் பின்னால் போக வேண்டும்.

தமிழின் முதல் பேசும் படமான 'காளிதாஸ்' 1931-ல் வந்தது. ஆரம்பத்தில் நடிப்பவரே பாட வேண்டும், கேமராவோடு சேர்ந்து ஒலியும் பதிவாகும். பின்னணிப் பாடல் முறை 1938-ல் வந்த 'நந்தகுமார்' மூலம் தமிழுக்கு வந்தது. அந்தக் காலத்தில் சினிமா சத்தம் பதிவானது சென்னையில் மட்டும் இல்லை. சேலத்தில் மாடர்ன் தியேட்டர்ஸ் இருந்தது. கோவையில் சென்ட்ரல் ஸ்டூடியோவும் பட்சிராஜா ஸ்டூடியோவும் இருந்தன. எம்.ஜி.ஆரின் 'மலைக்கள்ளன்' (1954) பட்சிராஜா தயாரிப்பு. கொங்கு மண்டலம் ஒரு காலத்தில் தமிழ் சினிமாவின் மைக்ரோபோன் வைத்த இடங்களில் ஒன்று.

ஆனால், எங்கே பதிவு செய்தாலும் தியேட்டரில் கேட்டது 'மோனோ'. திரைக்குப் பின்னால் ஒரே திசையிலிருந்து வரும் ஒற்றைச் சத்தம். பிலிம் சுருளின் ஓரத்தில் ஒரு மெல்லிய கோடாக ஒலி அச்சாகியிருக்கும். அதில் 'ஸ்ஸ்ஸ்' என்ற இரைச்சலும் கூடவே வரும்.

பாடல் பதிவும் லேசுப்பட்ட வேலை இல்லை. பெரிய ஹாலில் மொத்த ஆர்கெஸ்ட்ராவும் உட்காரும். பாடகர் கண்ணாடி அறைக்குள் நிற்பார். எல்லோரும் ஒரே நேரத்தில் வாசித்துப் பாட வேண்டும். கடைசி வரியில் ஒருவர் பிசகினால், மறுபடியும் முதலிலிருந்து. அந்தக் கட்டுப்பாட்டுக்குள்தான் எம்.எஸ்.விஸ்வநாதனும் இளையராஜாவும் அவ்வளவு பாடல்களைக் கொடுத்தார்கள். அவர்களோடு வேலை பார்த்த இன்ஜினியர்களுக்கு 'அப்புறமா சரி பண்ணிக்கலாம்' என்ற வசதியே கிடையாது.

இளையராஜாவின் 'ப்ரியா' (1978) பாடல்கள் ஸ்டீரியோவில் பதிவாகின. 1986-ல் ரஜினியின் 'மாவீரன்' 70 எம்.எம். திரையில் ஆறு டிராக் ஒலியோடு வந்தது. ஆனால், இவை அங்கொன்றும் இங்கொன்றுமான முயற்சிகள். சராசரி ஊர் தியேட்டர் மோனோவிலேயே இருந்தது.

'ரோஜா'வும் வீட்டு ஸ்டூடியோவும்

1992 ஆகஸ்ட் 15. 'ரோஜா' வெளியானது. 25 வயது ரஹ்மானின் முதல் படம். விளம்பர ஜிங்கிள்கள் போட்டுக்கொண்டிருந்த அவர், கோடம்பாக்கத்தில் வீட்டை ஒட்டியே பஞ்சதன் ரிக்கார்ட் இன் என்ற ஸ்டூடியோவை வைத்திருந்தார்.

இங்கே வேலை செய்யும் விதமே மாறியது. நூறு பேரை ஒரே ஹாலில் உட்கார வைக்கத் தேவையில்லை. ஒருவர் இன்றைக்குப் புல்லாங்குழல் வாசிப்பார், இன்னொருவர் அடுத்த வாரம் நள்ளிரவில் வந்து பாடுவார். பாடகர் பல விதமாகப் பாடிவிட்டுப் போவார். எதை வைத்துக்கொள்வது, எங்கே வைப்பது என்பதெல்லாம் பிறகு முடிவாகும். அடுக்கடுக்காக ஒலியைக் கட்டும் முறை இது.

இந்த முறையில் இசையமைப்புக்கும் சவுண்ட் இன்ஜினியரிங்குக்கும் நடுவில் இருந்த சுவர் மெலிதாகிவிடுகிறது. எந்த ஒலியை எவ்வளவு கேட்க வைப்பது என்பதே இசையமைப்பின் பாதி வேலை ஆகிவிடுகிறது. அதனால்தான் ரஹ்மானுக்கு 'சொன்னதைப் பதிவு பண்ணிக் கொடுக்கிற' ஆள் போதாது. கூடவே உட்கார்ந்து கேட்கும் இன்னொரு காது வேண்டும். சென்னையின் மீடியா ஆர்ட்டிஸ்ட்ஸ் ஸ்டூடியோவில் இருந்த ஸ்ரீதர் அந்தக் காதாக ஆனார். 16 வருடம் அந்தக் கூட்டணி நீடித்தது.

'ரோஜா' பாடல்களை இன்று நல்ல ஹெட்போனில் போட்டுக் கேளுங்கள். 30 வருடத்துக்கு மேல் ஆகிவிட்டது. குரலைச் சுற்றி காலி இடம் இருக்கிறது. சின்னச் சின்ன தாள ஒலிகள்கூட எங்கிருந்து வருகின்றன என்று விரல் நீட்டிச் சொல்லலாம். முந்தைய தலைமுறைப் பாடல்களில் மெட்டு இதைவிட மோசம் என்று யாரும் சொல்ல முடியாது. ஆனால், இந்த 'இடம்' அங்கே இருக்காது.

தியேட்டர் வாசலில் 'டி.டி.எஸ்.'

ஸ்டூடியோ மாறினால் மட்டும் போதுமா? தியேட்டரும் மாற வேண்டுமே. அதுவும் அதே காலத்தில்தான் நடந்தது.

பி.சி.ஸ்ரீராம் இயக்கத்தில் கமல் நடித்த 'குருதிப்புனல்' 1995 தீபாவளிக்கு வந்தது. டால்பி ஸ்டீரியோ சரவுண்ட் எஸ்.ஆர். தொழில்நுட்பத்தோடு வந்த முதல் இந்தியப் படம் அது. இரைச்சலைக் குறைத்து, திரைக்குப் பின்னால் மட்டும் இல்லாமல் பார்வையாளரைச் சுற்றியும் ஒலியைக் கொண்டுவரும் முறை. அடுத்த வருடம் 'கருப்பு ரோஜா' டி.டி.எஸ். ஒலியோடு வந்தது.

டி.டி.எஸ். எப்படி வேலை செய்தது தெரியுமா? பிலிமில் டிஜிட்டல் ஒலி இருக்காது. அதற்கான ஒரு 'டைம் கோடு' மட்டும் இருக்கும். டிஜிட்டல் ஒலி தனியாக சி.டி.யில் இருக்கும். புரொஜெக்டர் ஓடும்போது அந்தக் கோடைப் படித்து, சி.டி. அதே நொடியில் ஓடும். 1993-ல் 'ஜுராசிக் பார்க்' மூலம் உலகத்துக்கு அறிமுகமான தொழில்நுட்பம், மூன்றே வருடத்தில் தமிழுக்கு வந்துவிட்டது.

அதன்பிறகு நடந்தது 90ஸ் கிட்ஸுக்கு ஞாபகம் இருக்கும். ஊர் ஊராக தியேட்டர் வாசலில் 'டி.டி.எஸ்.' போர்டு. போஸ்டரில் ஹீரோ பெயருக்கு அடுத்த சைஸில் 'டி.டி.எஸ்.' எழுத்து. படம் எப்படி என்பதைவிட 'சவுண்டு எப்படி?' என்று கேட்டு டிக்கெட் எடுத்தார்கள். ஒலியை ஒரு தனி அனுபவமாக மக்கள் காசு கொடுத்து வாங்கிய காலம் அது. ஸ்ரீதரின் முக்கியமான வேலைகள் இந்தக் காலத்தில்தான் வந்தன.

நான்கு படம், நான்கு விருது

1. மகாநதி. 1994 பொங்கலுக்கு வந்த படம். 1993-ம் ஆண்டுக்கான தேசிய விருது. சந்தானபாரதி இயக்கம், கமல் நடிப்பு, இசை இளையராஜா. அதாவது, ஸ்ரீதரின் முதல் தேசிய விருது ரஹ்மான் படத்துக்காகக் கிடைத்தது இல்லை. கும்பகோணம் பக்கத்து ஆற்றங்கரை, சென்னை சிறை, கொல்கத்தா தெரு என்று மூன்று வெவ்வேறு உலகங்களில் நடக்கும் கதை. மூன்றும் மூன்று விதமாகக் கேட்க வேண்டும். இன்னொரு ஒலிப்பதிவாளரோடு சேர்ந்து இந்த விருதைப் பெற்றார்.

2. தில் சே (1998). தமிழில் 'உயிரே'. ஓடும் ரயிலின் கூரையில் ஷாருக் கான் ஆடும் அந்தப் பாட்டு படமானது நீலகிரி மலை ரயிலில். மேட்டுப்பாளையத்திலிருந்து ஊட்டிக்குப் போகும் அதே ரயில். ஒளிப்பதிவுக்காக சந்தோஷ் சிவனுக்கும், ஒலிக்காக ஸ்ரீதருக்கும் தேசிய விருது. படம் இந்தியாவில் பெரிதாக ஓடவில்லை. பாட்டும் சத்தமும் ஓடின, இன்னும் ஓடிக்கொண்டிருக்கின்றன.

3. லகான் (2001). இதைக் கொஞ்சம் விரிவாகப் பார்க்க வேண்டும். அன்றைய இந்தி சினிமாவில் வசனம் என்றாலே டப்பிங்தான். ஷூட்டிங்கில் என்ன சத்தம் இருந்தாலும் பிரச்சினை இல்லை, பிறகு ஸ்டூடியோவில் பேசிக்கொள்ளலாம். ஆமிர் கான் தயாரிப்பில் அசுதோஷ் கோவாரிகர் இயக்கிய 'லகான்' ஸிங்க் சவுண்டில் எடுக்கப்பட்டது. நடிகர் பேசும்போதே, அந்த இடத்திலேயே குரல் பதிவாகும்.

குஜராத்தின் கட்ச் பகுதியில், வெட்டவெளியில், ஆயிரக்கணக்கான மக்களோடு, கிரிக்கெட் மேட்ச் எடுக்கிறார்கள். அங்கே ஒலியைப் பதிவு செய்தவர் நகுல் காம்தே. அப்படி வந்த ஒலியை இசையோடும் கூட்டத்தின் ஆரவாரத்தோடும் மட்டையில் பந்து படும் சத்தத்தோடும் சேர்த்துக் கலக்கும் பக்கம் ஸ்ரீதருடையது. தேசிய விருது இருவருக்கும் சேர்த்து வந்தது. மொத்தம் எட்டு தேசிய விருதுகள் வாங்கிய படம், ஆஸ்கரில் சிறந்த வெளிநாட்டு மொழிப் படப் பிரிவின் இறுதிப் பட்டியல் வரை போனது.

4. கன்னத்தில் முத்தமிட்டால் (2002). சென்னையில் வளரும் ஒரு சிறுமி, இலங்கையில் இருக்கும் தன்னைப் பெற்ற தாயைத் தேடிப் போகும் கதை. ஒரு பக்கம் வீட்டுக்குள் பிள்ளைகள் போடும் கும்மாளம், இன்னொரு பக்கம் போர். குண்டுச் சத்தம் தியேட்டரை அதிர வைக்க வேண்டும். ஆனால், அடுத்த நொடியில் ஒரு குழந்தை மெல்லிய குரலில் கேட்கும் கேள்வியும் காதில் விழ வேண்டும். ஏ.எஸ்.லட்சுமி நாராயணனோடு சேர்ந்து ஸ்ரீதர் இந்த விருதை வாங்கினார்.

கவனிக்க வேண்டிய ஒரு விஷயம்: 'லகான்', 'கன்னத்தில் முத்தமிட்டால்' இரண்டுக்கும் சிறந்த இசைக்கான தேசிய விருது ரஹ்மானுக்குக் கிடைத்தது. அடுத்தடுத்த இரண்டு வருடம், இசைக்கும் ஒலிக்கும் ஒரே படம். இரண்டையும் பிரித்துப் பார்க்க முடியாது என்பதற்கு இதைவிட என்ன சாட்சி வேண்டும்?

கோடு எங்கே முடிகிறது?

இசையமைப்பாளர் எங்கே முடிகிறார், சவுண்ட் இன்ஜினியர் எங்கே தொடங்குகிறார்? இந்தக் கேள்வி கோடம்பாக்கத்துக்கு மட்டும் சொந்தமானது இல்லை.

போலந்து வானொலி 1957-ல் வார்சாவில் ஒரு சோதனை ஸ்டூடியோவைத் தொடங்கியது. காந்த டேப்பை வெட்டி, ஒட்டி, திருப்பிப் போட்டு புதிய ஒலிகளை உருவாக்கிய இடம் அது. அங்கே இன்ஜினியராக வேலை பார்த்தவர் எவ்கேனியுஷ் ருட்னிக். பெண்டெரெட்ஸ்கி போன்ற பெரிய இசையமைப்பாளர்கள் காகிதத்தில் நினைத்ததை டேப்பில் நிஜமாக்கிக் கொடுத்தவர். அப்படிச் செய்துகொண்டே இருந்தவர், ஒரு கட்டத்தில் தானே இசை உருவாக்க ஆரம்பித்தார். டேப்பில் வெட்டி எறியப்பட்ட துண்டுகளைக்கூட எடுத்து ஒட்டி இசையாக்கினார். 2016-ல் அவர் இறக்கும்போது, போலந்து அவரை ஒரு இசையமைப்பாளராகவே நினைவுகூர்ந்தது.

ருட்னிக் இன்ஜினியர் நாற்காலியிலிருந்து இசையமைப்பாளர் நாற்காலிக்குப் போனார். ரஹ்மான் எதிர்ப்பக்கமிருந்து வந்தார். மெட்டுப் போடுபவராக இருந்துகொண்டே ஸ்டூடியோவை ஒரு இசைக்கருவியாக மாற்றினார். ஸ்ரீதரோ கடைசி வரை இன்ஜினியர் நாற்காலியிலேயே இருந்தார். அந்த நாற்காலியும் ஒரு கலைஞனுடையதுதான் என்பதை ஒவ்வொரு மிக்ஸிலும் காட்டினார்.

2005-ல் ரஹ்மான் கோடம்பாக்கத்தில் ஏ.எம். ஸ்டூடியோவைத் தொடங்கினார். அடுத்த மூன்று வருடத்தில் 'ஸ்லம்டாக் மில்லியனர்' வந்தது. அப்புறம் அந்த டிசம்பர் 1. ஐம்பதை ஒட்டிய வயது. 2010 ஜனவரி 31-ல் நடந்த கிராமி விழாவில் 'ஸ்லம்டாக்' ஆல்பம் விருது வாங்கியபோது, ஆல்பத்தின் இன்ஜினியர் என்ற முறையில் ஸ்ரீதருக்கும் அது கிடைத்தது. இறந்து 14 மாதம் கழித்து.

விருது கொடுப்பவர்களுக்கே தெரியாவிட்டால்?

'கண்ணுக்குத் தெரியாத வேலை' என்பது வெறும் செண்டிமெண்ட் இல்லை. அதற்கு நடைமுறை விளைவுகள் உண்டு.

ஸ்ரீதர் விருது வாங்கிய காலத்தில் தேசிய விருதில் ஒலிக்கு ஒரே பிரிவுதான். ஷூட்டிங்கில் பதிவு செய்தவர், ஒலியை வடிவமைத்தவர், கடைசியில் கலந்தவர் மூவருக்கும் ஒரே பெட்டி. 2009-ம் ஆண்டுப் படங்களிலிருந்து அதை மூன்றாகப் பிரித்தார்கள். ஸ்பாட்டில் பதிவு செய்பவர், சவுண்ட் டிசைனர், இறுதி மிக்ஸ் செய்பவர் என மூன்று விருது. நல்ல முடிவு என்று துறையே பாராட்டியது.

ஆனால், 2022-ல் ஒரு சங்கடம். 2020-ம் ஆண்டுப் படங்களுக்கான விருதில், ஸ்பாட் ஒலிப்பதிவுக்கான விருது 'டொள்ளு' என்ற கன்னடப் படத்துக்கு அறிவிக்கப்பட்டது. அந்தப் படம் ஸிங்க் சவுண்டே இல்லை, டப்பிங் செய்யப்பட்ட படம் என்று ரசூல் பூக்குட்டி வெளிப்படையாகச் சுட்டிக்காட்டினார். படத்தின் சவுண்ட் டிசைனரும் அதை உறுதி செய்தார். நாட்டின் உயரிய சினிமா விருதுக் குழுவுக்கே ஸ்பாட்டில் பதிவான குரலுக்கும் டப்பிங் குரலுக்கும் வித்தியாசம் பிடிபடவில்லை என்றால், சாதாரண ரசிகரைக் குறை சொல்ல முடியுமா?

அதற்குப் பிறகு, 2022-ம் ஆண்டுப் படங்களிலிருந்து மூன்று பிரிவுகளும் மறுபடி ஒன்றாகின. 'சிறந்த சவுண்ட் டிசைன்' என்ற ஒரே விருது. அதை முதலில் வாங்கியது ஒரு தமிழ்ப் படம், 'பொன்னியின் செல்வன் 1'. வாங்கியவர் ஆனந்த் கிருஷ்ணமூர்த்தி. பின்னணி இசைக்கான விருதும் அதே படத்துக்கு, ரஹ்மானுக்கு. பெருமைதான். ஆனால், வெயிலில் பூம் மைக்கைத் தூக்கிப் பிடித்தவருக்கும், மிக்ஸிங் போர்டில் ராத்திரி முழுக்க உட்கார்ந்தவருக்கும் தனியாக இருந்த இடம் போய்விட்டது.

போனில் வசனம் கேட்கலையே, ஏன்?

ஸ்ரீதர் தியேட்டருக்காக மிக்ஸ் செய்த தலைமுறை. இன்று பலர் படம் பார்ப்பது உள்ளங்கையில். அதனால் வரும் ஒரு பொதுவான புகார்: 'ஓடிடி-யில் வசனம் கேட்கவே மாட்டேங்குது, சவுண்டைக் கூட்டினா சண்டைக் காட்சியில காது கிழியுது.'

காரணம் எளிது. தியேட்டருக்கான 5.1 மிக்ஸில் ஆறு வழிகள் உண்டு. முன்னால் இடம், நடு, வலம். பக்கவாட்டில் இடம், வலம். அதிர்வுக்கு ஒரு சப்-வூஃபர். வசனம் பெரும்பாலும் நடு ஸ்பீக்கரில் தனியாக வரும். அதையே போனின் இரண்டு சின்ன ஸ்பீக்கருக்குள் திணிக்கும்போது, வசனமும் இசையும் வெடிச்சத்தமும் ஒரே வாசலில் முண்டியடிக்கின்றன. தோற்பது வசனம்.

இதற்காகத்தான் ஓடிடி-க்கென்று தனி மிக்ஸ் செய்கிறார்கள். உதாரணமாக, நெட்ஃபிளிக்ஸ் வசனத்தின் சராசரி ஒலி அளவு எவ்வளவு இருக்க வேண்டும் என்று விதியே வைத்திருக்கிறது. நீங்கள் செய்யக்கூடியது இரண்டு:

• ஆப்பின் ஆடியோ செட்டிங்கில் 5.1-க்குப் பதில் ஸ்டீரியோ இருந்தால் அதைத் தேர்வு செய்யுங்கள்.

• இயர்போன் போடுங்கள். சத்தத்தைக் கூட்டுவதைவிட இது நல்லது, காதுக்கும் படத்துக்கும்.

இன்னொரு சுவாரசியம். போன் ஸ்பீக்கரால் ஆழமான பேஸ் ஒலியைக் கொடுக்கவே முடியாது. ஆனாலும் பேஸ் இருப்பது போலத் தோன்றும். ஏனென்றால், அந்த ஒலியின் மேல் அடுக்குகள் மட்டும் கேட்டாலே, இல்லாத அடி ஒலியை மூளை தானே நிரப்பிக்கொள்ளும். நல்ல மிக்ஸ் இன்ஜினியருக்கு இது தெரியும். அந்த மேல் அடுக்குகளைத் தெரிந்தே கொஞ்சம் தூக்கி வைப்பார். ஆக, உங்கள் மூளைக்கும் சேர்த்துத்தான் அவர் வேலை பார்க்கிறார்.

இந்த வேலைக்கு எப்படி வருவது?

சென்னை தரமணியில் உள்ள தமிழக அரசின் எம்.ஜி.ஆர். திரைப்பட, தொலைக்காட்சிப் பயிற்சி நிறுவனத்தில் ஒலிப்பதிவுக்குத் தனிப் படிப்பு உண்டு. புனேயின் எஃப்.டி.ஐ.ஐ-யிலும் உண்டு, ரசூல் பூக்குட்டி அங்கே படித்தவர். ரஹ்மான் 2008-ல் தொடங்கிய கே.எம். இசைக் கல்லூரியில் இசையோடு தொழில்நுட்பமும் சொல்லித் தருகிறார்கள்.

முன்பு ஸ்டூடியோ என்றாலே லட்சக்கணக்கில் முதலீடு. இப்போது ஒரு லேப்டாப், ஒரு ஆடியோ இன்டர்ஃபேஸ், நல்ல ஹெட்போன் இருந்தால் பழக ஆரம்பிக்கலாம். யூடியூப் சேனல், பாட்காஸ்ட், குறும்படம், வெப் சீரிஸ் என்று எல்லாவற்றுக்கும் ஒலியைச் சரிசெய்யும் ஆள் தேவை. ஊரில் இருந்தபடியே வேலை பார்க்கிறவர்களும் உண்டு.

ஆனால், கருவி மலிவானதால் காது தானாக வந்துவிடாது. அது கேட்டுக் கேட்டுத்தான் பழகும். பவர்லூம் ஷெட்டில் வருடக்கணக்காக வேலை பார்த்தவர், நூறு தறிகளின் இரைச்சலுக்கு நடுவே எந்தத் தறியில் கோளாறு என்று சத்தத்தை வைத்தே சொல்வார். வெள்ளகோவில், பல்லடம் பக்கம் இது அதிசயம் இல்லை. சவுண்ட் இன்ஜினியருக்குத் தேவைப்படுவதும் அந்த மாதிரிக் காதுதான். கூடவே, அந்தக் காதைப் பத்திரமாக வைத்திருக்கும் ஒழுக்கமும்.

பெயரைத் தேடுங்கள்

ஸ்ட்ரீமிங் ஆப்களில் பாட்டு ஓடும்போது இசையமைப்பாளர், பாடகர், சில சமயம் பாடலாசிரியர் பெயர் வரும். மிக்ஸ் செய்தவரின் பெயர் பெரும்பாலும் வராது. கேசட் காலத்தில் உள்அட்டையின் ஓரத்திலாவது சின்ன எழுத்தில் இருந்தது. ரஹ்மான் தன் ஆல்பங்களில் வாத்தியக் கலைஞர்கள், இன்ஜினியர்கள் பெயரை அச்சிடுவதை ஒரு வழக்கமாகவே வைத்திருந்தார். 90-களில் பலர் ஸ்ரீதர் என்ற பெயரை முதலில் பார்த்தது அந்த அட்டையில்தான். தொழில்நுட்பம் வளர்ந்தது, அட்டை போனது, கூடவே பெயரும் போனது.

சில ஆப்களில் பாட்டின் பக்கத்தில் இருக்கும் மூன்று புள்ளியைத் தட்டினால் 'கிரெடிட்ஸ்' என்று ஒன்று வரும். அடுத்த முறை ஒரு பாட்டு 'என்னவோ சூப்பரா கேக்குதே' என்று தோன்றினால், அதைத் தட்டிப் பாருங்கள். பெயர் இருந்தால் படியுங்கள். இல்லாவிட்டால், அங்கே ஒரு பெயர் இருந்திருக்க வேண்டும் என்பதாவது ஞாபகம் இருக்கட்டும்.